உடை இல்லாத இடத்தில் ஓவியம் எதற்கு?

தெருவில் எதிரே வரும் ஒருவரைப் பார்த்த இரண்டு நொடியில் நாம் என்னென்னவோ முடிவு செய்துவிடுகிறோம். வேட்டியின் கரை, சட்டையின் இஸ்திரி, செருப்பின் விலை, கழுத்தில் தொங்கும் ஐடி கார்டு என்று எல்லாமே நமக்குத் தகவல். படித்தவரா, பணக்காரரா, எந்த வேலை, எந்த மதம், சில ஊர்களில் எந்தச் சாதி என்பது வரைக்கும் துணியே சொல்லிவிடும். என் தொழில் பாஷையில் சொன்னால், உடை என்பது மனிதர் மேல் ஒட்டப்பட்ட மெட்டாடேட்டா.

இந்தத் தகவலை மொத்தமாக அழித்துவிட்டால் என்ன ஆகும் என்று கேட்டவர்கள்தான் நேச்சரிஸ்டுகள். கூட்டமாக, ஆடையின்றி, இயல்பாக இருப்பது அவர்கள் வழக்கம். 1953இல் பிரான்சின் மோந்தலிவே கடற்கரையில் உருவான சர்வதேச நேச்சரிஸ்ட் கூட்டமைப்பு 1974இல் இதற்கு ஒரு வரையறை தந்தது. அதன் சாரம் இவ்வளவுதான்: இயற்கையோடு இசைந்து வாழ்வது, தன்னையும் பிறரையும் சூழலையும் மதிப்பது, அதற்கு ஒரு வழியாகக் கூட்டு நிர்வாணத்தைக் கைக்கொள்வது. பாலுறவுக்கும் இதற்கும் முடிச்சுப் போடுவதை அவர்கள் ஏற்பதில்லை.

சரி, விஷயத்துக்கு வருவோம். உடம்பே போதும், மேலே எதுவும் வேண்டாம் என்று துணியைக் கழற்றியவர்கள், அதே உடம்பில் ஏன் சாயம் பூசிக்கொள்கிறார்கள்? ஏன் டாட்டூ குத்திக்கொள்கிறார்கள்? கழற்றிய துணியை வேறு வடிவத்தில் மறுபடி மாட்டிக்கொள்வதுதானே இது? இந்த முரணைப் பிடித்துக்கொண்டு போனபோது கிடைத்த குறிப்புகள் கீழே.

தானேயில் மூன்று பேர்

நவீன நேச்சரிஸ்ட் சங்கங்களில் நமக்குத் தெரிந்தவரை முதலாவது தோன்றியது ஐரோப்பாவில் அல்ல, நம் நாட்டில். 1891இல், பம்பாய்க்குப் பக்கத்திலுள்ள தானேயில், சார்லஸ் கிராஃபோர்ட் என்ற ஆங்கிலேய மாவட்ட நீதிபதி அதைத் தொடங்கினார். மொத்த உறுப்பினர்களே மூன்று பேர்தான். எட்வர்ட் கார்ப்பென்டர் என்ற ஆங்கில எழுத்தாளருக்குக் கிராஃபோர்ட் எழுதிய கடிதங்கள் இல்லாவிட்டால் இந்தச் சங்கம் இருந்ததே நமக்குத் தெரிந்திருக்காது. கழுத்துவரை இறுக்கிய காலனி ஆட்சி உடுப்பில் பம்பாய் வெயிலைத் தாங்கியவர்களுக்கு இந்த ஆசை வந்ததில் ஆச்சரியம் ஒன்றும் இல்லை.

இயக்கமாக இது வளர்ந்தது ஜெர்மனியில். 1898இல் எஸ்ஸன் நகரில் சங்கம். 1920இல் ஸில்ட் தீவில் அதிகாரபூர்வ நிர்வாணக் கடற்கரை. 1920களில் அடோல்ஃப் கோக் என்ற ஆசிரியர் பெர்லின் தொழிலாளர் குடும்பங்களுக்காக நிர்வாண உடற்பயிற்சிப் பள்ளிகள் நடத்தினார். ஆலைப் புகையிலும் இருட்டு வீடுகளிலும் வாடிய உடம்புக்கு வெயிலும் காற்றும் மருந்து என்பது அன்றைய வாதம்.

இந்தத் தொடக்க காலத்தில் உடம்பில் ஓவியத்துக்கு இடமில்லை. காரணம் லேசாகப் புரியும். 'இயற்கை' என்பதுதான் அவர்களின் மந்திரச்சொல். இயற்கையான உடம்பு என்றால் கறையில்லாத, கலப்பில்லாத உடம்பு என்று பொருள் கொண்டார்கள். அன்றைய ஐரோப்பாவில் டாட்டூவுக்கு இருந்த பெயரும் நல்ல பெயர் அல்ல. 1876இல் இத்தாலிய மருத்துவர் லொம்ப்ரோசோ, பச்சை குத்திக்கொள்வதைக் குற்றவாளிகளின் அடையாளங்களில் ஒன்றாக எழுதி வைத்தார். 1910ஐ ஒட்டி வியன்னாவின் கட்டடக் கலைஞர் அடோல்ஃப் லோஸ் 'அலங்காரமும் குற்றமும்' என்ற உரையில் இன்னும் ஒரு படி மேலே போனார். பப்புவா மனிதன் பச்சை குத்திக்கொண்டால் குற்றமில்லை, நவீன மனிதன் குத்திக்கொண்டால் அவன் குற்றவாளி அல்லது சீரழிந்தவன் என்பது அவர் கட்சி. லோஸ் நேச்சரிஸ்ட் அல்லர். ஆனால் இரு தரப்பும் சுவாசித்த காற்று ஒன்றுதான்.

இந்த 'சுத்தமான உடம்பு' கொள்கைக்கு ஒரு இருட்டுப் பக்கமும் உண்டு. எது சுத்தம் என்று யாரோ ஒருவர் தீர்மானிக்க வேண்டும் இல்லையா? ரிச்சர்ட் உங்கவிட்டர் போன்ற ஆரம்பகால ஜெர்மன் நிர்வாணவாதிகள் சிலர் அதை நேராக இனவாதத்தில் கொண்டுபோய் நிறுத்தினார்கள். அலங்காரமே கூடாது என்பது கேட்க எளிமையான கொள்கை. அதற்குள் ஒரே மாதிரி உடம்புதான் அழகு என்ற கட்டளையும் ஒளிந்திருக்க முடியும். இதை மனதில் வைத்துக்கொண்டால் பின்னாளில் ஓவியம் ஏன் உள்ளே வந்தது என்பது சுலபமாகப் புரியும்.

உடுக்காதவர்கள் எல்லோரும் அம்மணம் அல்ல

ஆடை குறைவாக உடுத்தும் சமூகங்கள் உடம்பை வெற்றுத் தாளாக விட்டுவைப்பதில்லை. பிரேசிலின் கயாப்போ மக்களோடு வாழ்ந்து ஆராய்ந்த மானுடவியலாளர் டெரன்ஸ் டர்னர் 1980இல் 'சமூகத் தோல்' என்ற கட்டுரையை எழுதினார். கயாப்போக்கள் ஜெனிபாப்போ காயின் சாற்றால் கறுப்பும், அனாட்டோ விதையால் சிவப்பும் பூசிக்கொள்வார்கள். பிள்ளைகளுக்குத் தாய்மார் மணிக்கணக்கில் உட்கார்ந்து மெல்லிய கோடுகளாக வரைந்து விடுவார்கள். டர்னரின் வாதம், தோல் என்பது ஒரு மனிதரின் எல்லை மட்டும் அல்ல, தனிமனிதரும் சமூகமும் சந்திக்கும் எல்லை என்பது. ஆடையும் அங்கே நடக்கும் பேச்சு, ஓவியமும் அங்கே நடக்கும் பேச்சு. வெளியாளுக்கு அம்மணமாகத் தெரிகிறவர், தன் ஊராருக்கு முழுசாக 'உடுத்தியவர்'.

சமோவாவின் 'பெஆ' இன்னொரு வகை. இடுப்பிலிருந்து முழங்கால் வரை ஆண்கள் குத்திக்கொள்ளும் அடர்ந்த பச்சை அது. பல நாள் வலி, தலைமுறை தலைமுறையாகத் தொழில் செய்யும் கலைஞர் குடும்பம், சுற்றி உறவினர்கள் என்று அது ஒரு சடங்கு. பாதியில் நிறுத்தினால் அவமானம். தூரத்தில் பார்த்தால் கால்சட்டை போட்டது மாதிரியே இருக்கும். இங்கே முக்கியம், அது 'என் விருப்பம்' என்பதைச் சொல்வதற்கு அல்ல, 'நான் இந்தக் குடும்பத்துக்குக் கடமைப்பட்டவன்' என்பதைச் சொல்வதற்கு.

மூன்றாவது, சூடானின் தென்கிழக்கு நூபா மக்கள். ஜேம்ஸ் ஃபாரிஸ் என்ற மானுடவியலாளர் 1960களின் பிற்பகுதியில் அங்கே தங்கி, 1972இல் அவர்களுடைய உடற்கலை பற்றித் தனி நூலே எழுதினார். அவர் கண்டது சுவாரசியமானது. எந்த வயதுக் குழு எந்த நிறத்தைப் பயன்படுத்தலாம் என்பதற்கு விதி இருந்தது. அதற்குள் இளைஞன் எதை வேண்டுமானாலும் வரையலாம். பெரும்பாலான வடிவங்களுக்கு ரகசிய அர்த்தமோ சடங்கு நோக்கமோ கிடையாது. தன் உடம்பின் வலிமையையும் அழகையும் எடுத்துக்காட்டுவதுதான் நோக்கம். சரியில்லை என்று தோன்றினால் அழித்துவிட்டு மறுபடி வரைவான். நாம் இன்று 'சுயவெளிப்பாடு' என்கிறோமே, அதற்கு மிக அருகில் வருவது இதுதான். இதிலும் ஒரு கண்டிப்பு இருந்தது. நோயோ வயதோ வந்து உடம்பு தளர்ந்துவிட்டால் துணியைச் சுற்றிக்கொள்ள வேண்டும். உடம்பைக் கொண்டாடும் இடம் எல்லா உடம்பையும் கொண்டாடும் என்று உறுதியில்லை.

நம் பங்குக்கு ஒரு சொல்லைச் சேர்க்கலாம். சங்கப் பாடல்களில் பெண்களின் தோளிலும் மார்பிலும் சந்தனக் குழம்பால் தீட்டும் கோலத்துக்குத் 'தொய்யில்' என்று பெயர். கரும்பும் கொடியும் அதில் வரும் வடிவங்கள். பல இடங்களில் அதைத் தீட்டுகிறவன் காதலன். அதற்கு வரும் வினைச்சொல்லைக் கவனியுங்கள்: தொய்யில் 'எழுதுதல்'. உடம்பில் இருப்பதும் எழுத்துதான், படிக்கத் தெரிந்தவருக்கு.

தழும்பின் மேல் ஒரு கிளை

இன்றைய நேச்சரிஸ்ட் முகாம்களில் டாட்டூ சர்வ சாதாரணம். கோடைக் கொண்டாட்டங்களில் உடலோவியத்துக்கென்றே ஒரு மதியம் ஒதுக்குவதும் உண்டு. முதுகை யாரும் தானே வரைந்துகொள்ள முடியாது என்பதால் அங்கே இன்னொருவரின் கை வேண்டும், கூடவே நம்பிக்கையும் வேண்டும். முன்பின் அறியாதவர்கள் பேசத் தொடங்க ஒரு சாக்கும் கிடைக்கிறது. 'இது என்ன பறவை?' என்ற கேள்விக்குப் பின்னால் ஒரு வாழ்க்கைக் கதையே வரும்.

ஆனால் விஷயத்தின் ஆழம் தெரிய வேண்டுமானால் முகாமுக்கு வெளியே இருக்கும் ஒரு படத்தைப் பார்க்க வேண்டும். அமெரிக்கக் கவிஞர் டீனா மெட்ஸ்கருக்கு 1977இல் மார்பகப் புற்றுநோய். ஒரு மார்பகத்தை எடுத்துவிட்டார்கள். அந்தத் தழும்பின் மேல் அவர் ஒரு மரக்கிளையைப் பச்சை குத்திக்கொண்டார். மேலாடை இல்லாமல், இரண்டு கைகளையும் விரித்து, வானத்தைப் பார்த்தபடி அவர் நிற்பதைப் ஹெல்லா ஹாமிட் படமெடுத்தார். அந்தப் படம் போஸ்டராகிப் பல நாடுகளுக்குப் போனது.

அந்தக் கிளை தழும்பை மறைக்கவில்லை. மறைக்க வேண்டுமென்றால் ஒரு ரவிக்கை போதும். அது தழும்பின் வழியாகவே ஓடுகிறது. இந்த உடம்புக்கு நடந்ததை நான் தேர்ந்தெடுக்கவில்லை, அதன் மேல் வருவதை நான்தான் தேர்ந்தெடுத்தேன் என்று சொல்கிறது. முதலில் கேட்டோமே, ஓவியமும் துணியும் ஒன்றுதானே என்று? இங்கேதான் பதில் இருக்கிறது. துணி உடம்புக்கும் பார்வைக்கும் நடுவில் நிற்கிறது. இந்த மாதிரி ஓவியம் பார்வையை உடம்பின் மேலேயே கொண்டுவந்து நிறுத்துகிறது. 'கறையில்லாத உடம்பு' என்ற பழைய ஜெர்மன் இலட்சியத்துக்கு இதைவிடக் கச்சிதமான மறுப்பு இருக்க முடியாது.

தனிக் குரலும் ஒரே நிறமும்

உடலோவியம் எப்போதும் தனித்தன்மையைத்தான் காட்டும் என்று நினைத்துவிட வேண்டாம். இரண்டு நிகழ்ச்சிகளைப் பக்கத்தில் வைத்துப் பார்ப்போம்.

2004இல் கனடாவின் கான்ராட் ஷ்மிட் முன்னெடுத்துத் தொடங்கிய உலக நிர்வாண சைக்கிள் பயணம் இன்று பல நாட்டு நகரங்களில் நடக்கிறது. பெட்ரோல் மீதான சார்பை எதிர்ப்பதும், கார்களுக்கு நடுவே சைக்கிள் ஓட்டி எவ்வளவு பாதுகாப்பற்றவர் என்று காட்டுவதும் நோக்கம். முழு நிர்வாணம் கட்டாயமில்லை, அவரவர் துணிவுக்கு ஏற்றபடி. முதுகில் வாசகம், வயிற்றில் பூ, காலில் வரிக்குதிரைக் கோடு என்று ஒவ்வொருவரும் நடமாடும் பதாகை. சட்டையில் எழுதினால் யாரும் திரும்பிப் பார்க்காத வாசகம் முதுகில் எழுதினால் நாளிதழ் வரை போகிறது.

2016 ஜூலையில் இங்கிலாந்தின் ஹல் நகரில் ஸ்பென்சர் ட்யூனிக் எடுத்த படம் இதற்கு நேர் எதிர். 3,200 பேர் உடம்பு முழுவதும் நீலம் பூசி நகரத் தெருக்களில் நின்றார்கள். நான்கு நீலச் சாயல்கள், கடலை நினைவூட்டுவதற்காக. இங்கே நிறம் ஒருவரைக் காட்டவில்லை, கரைத்துவிட்டது. கறுப்பர், வெள்ளையர், கிழவர், இளைஞர் எல்லோரும் அலையின் துளிகள். அதுவும் ஒரு விடுதலைதான், ஆனால் வேறு வகை விடுதலை. பள்ளிச் சீருடை தரும் சமத்துவத்தைப் போல.

1998இல் ஆஸ்திரியாவின் ஸேபோடன் ஊரில் தொடங்கிய உலக உடலோவிய விழாவை இந்த இரண்டிலும் சேர்க்க முடியாது. அங்கே வரைபவர் கலைஞர், உடம்பு இன்னொருவருடையது. பிரமாதமான கலை. ஆனால் அது யாருடைய வெளிப்பாடு என்று கேட்டால் பதில் பெரும்பாலும் தூரிகை பிடித்தவரின் பெயர்தான்.

தோலுக்குள் என்ன நடக்கிறது

எந்த ஓவியம் எவ்வளவு நாள் நிற்கும் என்பது எந்த அடுக்கில் அது உட்காருகிறது என்பதைப் பொறுத்தது. தண்ணீரில் கரையும் உடற்சாயம் தோலின் மேலே மட்டும் இருக்கும், சோப்பு போட்டால் போய்விடும். மருதாணியிலுள்ள லாசோன் என்ற பொருள் மேல்தோலின் இறந்த செல்களிலுள்ள கெரட்டினோடு ஒட்டிக்கொள்ளும். அந்தச் செல்கள் உதிர உதிர நிறமும் இரண்டு மூன்று வாரத்தில் போய்விடும். கயாப்போக்களின் ஜெனிபாப்போவும் இப்படித்தான். பூசும்போது நிறம் சரியாகத் தெரியாது, ஒரு நாளில் நீலக் கறுப்பாக மாறும். டாட்டூ ஊசி மட்டும் மேல்தோலைத் தாண்டி, உதிராத உள்தோலில் மையை இறக்குகிறது. அங்கே மேக்ரோஃபேஜ் எனப்படும் காவல் செல்கள் மைத் துகளை விழுங்கிக்கொள்கின்றன. 2018இல் பிரெஞ்சு விஞ்ஞானிகள் எலிகளில் காட்டியபடி, அந்தச் செல் சாகும்போது விடுபடும் மையைப் புதிதாக வரும் செல் மறுபடி விழுங்கிக்கொள்கிறது. மை அப்படியே கைமாறிக்கொண்டே இருப்பதால்தான் பச்சை ஆயுளுக்கும் நிற்கிறது.

'கோல்ட்ஃபிங்கர்' (1964) படத்தில் தங்கம் பூசப்பட்ட பெண் தோல் மூச்சுத் திணறிச் செத்துப்போவார். அது கதை. நடிகை ஷெர்லி ஈட்டனுக்கு ஒன்றும் ஆகவில்லை. நாம் மூச்சு விடுவது நுரையீரலால். ஆனால் வெயிலில் உடம்பு முழுக்கக் கெட்டியான சாயம் பூசினால் வியர்வை ஆவியாகாமல் உடல் சூடாகும் ஆபத்து நிஜம். சுவருக்கும் கேன்வாஸுக்கும் உரிய அக்ரிலிக் சாயத்தைத் தோலில் பூசக்கூடாது, தோலுக்கென்று செய்ததைத்தான் வாங்க வேண்டும்.

மருதாணியிலும் ஒரு எச்சரிக்கை. கடற்கரைகளில் 'கறுப்பு மருதாணி' என்று விற்பதில் பெரும்பாலும் பிபிடி என்ற தலைமுடிச் சாய வேதிப்பொருள் கலந்திருக்கும். கொப்புளமும் தழும்பும் வரலாம். அதைவிட மோசம், ஒருமுறை ஒவ்வாமை வந்துவிட்டால் வாழ்நாள் முழுக்கத் தொடரும், பின்னாளில் டை அடித்தாலும் முகம் வீங்கும். நல்ல மருதாணி செம்பழுப்பு நிறம்தான் தரும். டாட்டூ மைகளுக்கு ஐரோப்பிய ஒன்றியம் 2022 ஜனவரியில் கடுமையான கட்டுப்பாடுகள் கொண்டுவந்தது. ஆறாத புதுப் பச்சையோடு கடலிலும் குளத்திலும் இறங்கக்கூடாது, ஆறிய பிறகும் வெயிலில் திரிகிறவர்கள் அதன் மேல் சன்ஸ்கிரீன் பூச வேண்டும். வெயில் மையை வெளுக்கும்.

கேமரா என்ற நான்காவது ஆள்

உடம்பு, வரைபவர், பார்ப்பவர் ஆகிய மூவருக்கும் நடுவில் இன்று கேமராவும் நிற்கிறது. 1970களில் லெனி ரீஃபன்ஷ்டால் (ஆமாம், ஹிட்லருக்குப் பிரசாரப் படம் எடுத்தவர்தான்) நூபாக்களைப் படமெடுத்துப் புத்தகங்கள் போட்டார். அதைப் பார்த்துவிட்டு சுற்றுலாப் பயணிகள் அந்த ஊர்களைத் தேடிப் போனார்கள். தங்களுக்குள் ஒருவருக்கொருவர் காட்டிக்கொண்ட கலை, யாரோ பார்க்கும் காட்சிப்பொருளாக மாறியது.

இப்போது சிக்கல் இன்னும் கூடியிருக்கிறது. 'முகம் தெரியாமல் எடுத்தேன், பரவாயில்லை' என்று சொல்வதுண்டு. டாட்டூ இருந்தால் அந்தச் சமாதானம் செல்லாது. 2015இல் அமெரிக்காவின் நிஸ்ட் நிறுவனம், எஃப்பிஐ தந்த சுமார் 15,000 படங்களை வைத்து டாட்டூவை அடையாளம் காணும் மென்பொருள்களுக்கு ஒரு சோதனை நடத்தியது. அவற்றில் பல படங்கள் கைதிகளுடையவை, அவர்கள் சம்மதம் எங்கே என்று அடுத்த ஆண்டே மின்னணு எல்லை அறக்கட்டளை கேள்வி எழுப்பியது. தொழில்நுட்பமாகப் பார்த்தால் காரணம் எளிது. ஒரு டாட்டூ எவ்வளவு தனித்தன்மையானதோ அவ்வளவு நல்ல தேடல் சாவி. என்னை வெளிப்படுத்துவதும் என்னைக் காட்டிக்கொடுப்பதும் ஒரே கோடு. நேச்சரிஸ்ட் இடங்களில் படமெடுக்க இவ்வளவு கெடுபிடி ஏன் என்பதற்கு இதுவே போதுமான விளக்கம்.

நம் நீதிமன்றம் சொன்னது

இதெல்லாம் வெளிநாட்டு விவகாரம் என்று தள்ளிவிட முடியாது. கேரளச் செயற்பாட்டாளர் ரெஹானா ஃபாத்திமா 2020இல், தன் பிள்ளைகள் தன் மேலுடம்பில் ஓவியம் தீட்டும் காணொளியை வெளியிட்டார். போக்சோ உட்பட வழக்குகள் பாய்ந்தன. 2023 ஜூனில் கேரள உயர்நீதிமன்றம் அவரை வழக்கிலிருந்து விடுவித்தது. நிர்வாணமும் ஆபாசமும் ஒன்றல்ல, தாயின் உடம்பைக் குழந்தைகள் ஓவியப் பலகையாகப் பயன்படுத்தியதைப் பாலியல் செயலாகக் கொள்ள முடியாது, தன் உடம்பின் மீதான உரிமை பெண்ணுக்கும் உண்டு என்பது தீர்ப்பின் சாரம். இதை வைத்துப் பொது இடத்தில் எதுவும் செய்யலாம் என்று கிளம்பிவிடாதீர்கள், ஆபாசச் செயல்களுக்கு எதிரான பிரிவுகள் அப்படியேதான் இருக்கின்றன. குழந்தைகளின் காணொளியை இணையத்தில் போடலாமா என்பதும் தனியாக யோசிக்க வேண்டிய கேள்வி. ஆனால் உடம்பில் வரைவதைப் பார்க்கும்போது 'என்ன தெரிகிறது' என்பதோடு 'எதற்காக, எந்தச் சூழலில்' என்றும் கேட்க வேண்டும் என்று ஒரு இந்திய நீதிமன்றம் பதிவு செய்திருக்கிறது.

என் முடிவைச் சுருக்கமாகச் சொல்கிறேன். துணியைக் கழற்றினால் பேச்சு நின்றுவிடும் என்று ஆரம்பகால நேச்சரிஸ்டுகள் எதிர்பார்த்தார்கள். அது நிற்காது, மனிதத் தோலால் சும்மா இருக்க முடியாது. எனவே ஓவியம் நல்லதா கெட்டதா என்பது பொருத்தமான கேள்வி அல்ல. கேட்க வேண்டியவை மூன்று: இதை யார் தேர்ந்தெடுத்தார்? வேண்டாம் என்றால் அழிக்கவோ மறுக்கவோ அவரால் முடியுமா? இதை யார் பார்க்கப்போகிறார் என்று அவருக்குத் தெரியுமா? மூன்றுக்கும் நல்ல பதில் இருந்தால் அந்த ஓவியம் அவருடைய சொந்தக் கையெழுத்து. இல்லாவிட்டால், எவ்வளவு அழகாக இருந்தாலும், அது வேறு யாரோ அவருக்கு மாட்டிவிட்ட சட்டைதான்.